பொங்கவும் கூடாது, அடங்கவும் கூடாது: பழச்சாறும் ஸ்பார்க்ளிங் ஒயினும் (வாசகர் கேள்வி பதில்)

பழச்சாற்றில் ஸ்பார்க்ளிங் ஒயின், அதாவது குமிழி விடும் ஒயின் ஊற்றிக் குடிக்கும் பானத்தைப் பற்றிப் போன இதழில் நான்கு வரிதான் எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்கள் என் மேசை நிறையக் கிடக்கின்றன. 14 வருடம் பார் கவுண்டருக்குப் பின்னால் நின்று கலக்கிக் கொடுத்தவள் நான். இப்போது வீட்டுச் சமையலறையில் நின்று செய்கிறேன். அங்கே செய்ததைவிட இங்கே நன்றாக வருகிறது, ஏனென்றால் அவசரம் இல்லை. கடிதங்களைப் பிரித்துப் படித்ததில் பாதிப் பேருக்கு ஒரே குறை: ஒன்று பொங்கி வழிகிறது, இல்லையென்றால் குமிழியே இல்லாமல் வெறும் ஜூஸாகக் கிடக்கிறது. இந்த முறை முழுப் பக்கத்தையும் இதற்கே ஒதுக்கிவிட்டேன்.

அக்கா, எங்கள் கல்யாண நாளுக்கு நாங்கள் இருவரும் என் தங்கையும் அவள் கணவரும் வீட்டில் கூடுகிறோம். அன்னாசி, பாஷன் ஃப்ரூட் மாதிரி பழங்கள் சேர்த்து ஸ்பார்க்ளிங் ஒயின் காக்டெய்ல் செய்ய ஆசை. ஷேக்கர், அளவுக் கோப்பை எதுவும் இல்லை. முதல் தடவையே சரியாக வரும்படி ஒரு செய்முறை சொல்லுங்கள்.

வாழ்த்துகள். ஷேக்கர் இல்லாதது நல்லதே. ஸ்பார்க்ளிங் ஒயினை ஷேக்கரில் ஊற்றிக் குலுக்கினால் மூடி பறக்கும், உள்ளே மிஞ்சுவது செத்த ஒயின். அளவுக்கு, இருமல் மருந்து பாட்டிலோடு வரும் சின்ன பிளாஸ்டிக் கோப்பை இருக்கிறதா பாருங்கள். 5, 10, 15 என்று மி.லி. கோடு போட்டிருக்கும். வாசனை போகக் கழுவிக்கொண்டால் அதைவிட நல்ல அளவுக் கோப்பை கிடையாது.

ஒரு கிளாஸுக்கு அன்னாசிச் சாறு 40 மி.லி., பாஷன் ஃப்ரூட் சாறு 15 மி.லி., எலுமிச்சைச் சாறு 5 மி.லி., இஞ்சிப் பாகு 10 மி.லி. இதன் மேல் ஒயின் 100 மி.லி. நான்கு பேருக்கு என்றால் சாறும் பாகும் சேர்ந்து 280 மி.லி. வரும், ஒயின் 400 மி.லி. ஆகும். ஒரு பாட்டில் 750 மி.லி. என்பதால் இன்னும் மூன்று கிளாஸுக்கு மிச்சம் இருக்கும்.

முதல் நாளே இஞ்சிப் பாகைச் செய்துவிடுங்கள். 200 கிராம் சர்க்கரை, 200 மி.லி. தண்ணீர், மெல்லிசாக அரிந்த இஞ்சி 50 கிராம். சர்க்கரை கரைந்து ஒரு கொதி வந்ததும் அடுப்பை அணைத்து, மூடி போட்டு அரை மணி நேரம் அப்படியே விடுங்கள். அப்புறம் வடிகட்டி ஃப்ரிட்ஜில் வையுங்கள். இரண்டு வாரம் நன்றாக இருக்கும். கம்பிப் பதமெல்லாம் பார்க்க வேண்டாம். கெட்டிப் பாகு குளிர்ந்த ஒயினில் கரையாது, அடியில் போய் உட்கார்ந்துகொள்ளும்.

அன்னாசியை வாங்கும்போது அடிப்பக்கத்தை மூக்கருகே கொண்டுபோய்ப் பாருங்கள். இனிப்பு மணம் வந்தால் எடுங்கள். மணமே இல்லாத பழத்தை வாங்கி வீட்டில் நான்கு நாள் வைத்தால் தோல் மஞ்சளாகும், ஆனால் இனிப்பு கூடாது. செடியிலிருந்து வெட்டியதோடு அதன் இனிப்பு நின்றுவிடும். துண்டு போட்டு மிக்ஸியில் அடித்ததும் மேலே கெட்டி நுரை எழும்பும். அரை மணி நேரம் அசைக்காமல் வைத்தால் நுரை ஒரு பக்கம், சாறு ஒரு பக்கம் எனப் பிரியும். மெல்லிய துணியில் ஊற்றித் தானாக இறங்க விடுங்கள். அவசரத்தில் பிழியாதீர்கள், பிழிந்தால் நாரும் கூடவே வரும். பாஷன் ஃப்ரூட்டைப் பாதியாக வெட்டிக் கரண்டியால் வழித்து, வடிகட்டியில் போட்டுக் கரண்டியின் முதுகால் தேய்த்தால் விதை மேலே நின்றுவிடும். நான்கு பேருக்கு 60 மி.லி. வேண்டும். பழத்தின் அளவைப் பொறுத்து நான்கிலிருந்து ஆறு பழம் பிடிக்கும்.

எல்லாச் சாற்றையும் பாகோடு ஒரு குடுவையில் கலந்து, இரண்டு விரலால் எடுக்கும் அளவு உப்பைப் போட்டு, மூன்று மணி நேரமாவது ஃப்ரிட்ஜில் வையுங்கள். உப்பு ருசிக்கத் தெரியாது. சாற்றின் மெல்லிய கசப்பை மட்டும் அமுக்கிவிடும். ஒயினும் அதே ஃப்ரிட்ஜில் நான்கு மணி நேரமாவது கிடக்கட்டும். கிளாஸையும் கொஞ்ச நேரம் உள்ளே வைத்துக் குளிர வைத்தால் இன்னும் நல்லது.

இப்போது ஊற்றுவது. கிளாஸில் 70 மி.லி. சாறு இருக்கிறது. கிளாஸைச் சாய்த்துப் பிடித்து, அதன் உள்சுவரில் வழிந்து இறங்கும்படி ஒயினை இரண்டு மடக்கு அளவு மட்டும் ஊற்றி நிறுத்துங்கள். வெள்ளை நுரை இரண்டு விரல் உயரம் ஏறி, காதருகே பிடித்தால் சரசரவென்று சத்தம் போட்டுக்கொண்டே இறங்கும். அது முழுதும் இறங்கும்வரை காத்திருங்கள். பிறகு மீதி ஒயினை அதே மாதிரி ஊற்றுங்கள். கடைசியாக நீளமான கரண்டி ஒன்றை அடிவரை விட்டு, அடியில் இருக்கும் சாற்றை மேலே தூக்குவது போல ஒரே ஒரு முறை உயர்த்துங்கள். சுற்றிச் சுற்றிக் கலக்க வேண்டாம். ஒரு தூக்குக்கே சாறு மேகம் மாதிரி எழுந்து தானே கலந்துவிடும்.

பாஷன் ஃப்ரூட் கிடைக்கவில்லை என்றால் ஆரஞ்சுச் சாறும், எலுமிச்சை இன்னொரு 5 மி.லி.யும் சேர்த்துக்கொள்ளுங்கள். மணம் வேறாக இருக்கும், குறையாக இருக்காது.

மிக்ஸியில் அடித்த மாம்பழக் கூழைக் கிளாஸில் பாதி நிரப்பி, மேலே ஒயினை ஊற்றினேன். எரிமலை மாதிரி பொங்கி மேசை விரிப்பெல்லாம் நனைந்தது. விருந்தாளிகள் முன்னால் அழுகையே வந்துவிட்டது. என் தவறு என்ன?

அழ வேண்டாம் தங்கச்சி. வேலைக்குச் சேர்ந்த இரண்டாவது வாரம் எனக்கும் இதுதான் நடந்தது. எட்டு கிளாஸை வரிசையாக வைத்து, எல்லாவற்றிலும் கூழைப் போட்டு, ஒரே வீச்சில் ஒயினை ஊற்றிக்கொண்டே போனேன். எட்டாவது கிளாஸுக்குப் போவதற்குள் முதல் மூன்றும் வழிந்து தட்டில் குளம் கட்டிவிட்டது. மிஞ்சிய பானத்தைக் குடித்துப் பார்த்தேன். குமிழி ஒன்றுகூட இல்லை. ஏன் இப்படி ஆகிறது என்று அன்றைக்கு எனக்குச் சொல்லித்தர யாரும் இல்லை. அதனால் உங்களுக்குக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

ஒயினுக்குள் கார்பன் டை ஆக்சைடு கரைந்து கிடக்கிறது. ஒரு பாட்டில் ஷாம்பெயினில் சுமார் 9 கிராம் இருக்கும். அது வெளியே வரத் துடித்துக்கொண்டுதான் இருக்கிறது, ஆனால் வெறும் திரவத்தின் நடுவில் குமிழியாகத் திரண்டு கிளம்புவது அதற்குச் சிரமம். பிடித்துக்கொள்ள ஒரு சின்ன இடம் வேண்டும். ஒரு தூசி, ஒரு நார், அதற்குள் மாட்டிய துளிக் காற்று. அங்கே ஒட்டிக்கொண்டு பெருத்து, பிறகு விட்டுவிட்டு மேலே ஓடும். பிரான்ஸில் ரீம்ஸ் பல்கலைக்கழகத்தின் இயற்பியலாளர் ஜெரார் லிஜேர்-பெலேர் ஷாம்பெயின் குமிழிகளை ஆராய்வதையே தன் வேலையாகக் கொண்டவர். கிளாஸில் ஊசி முனையிலிருந்து கிளம்புவது போல வரிசையாக எழும் குமிழிச் சரம், பெரும்பாலும் துடைத்த துணியிலிருந்தோ காற்றிலிருந்தோ வந்து ஒட்டிய நுண்ணிய இழையிலிருந்துதான் பிறக்கிறது என்று அவருடைய குழு காட்டியது.

ஒரு இழைக்கே ஒரு சரம் என்றால் மாம்பழக் கூழை நினைத்துப் பாருங்கள். அது முழுக்க நார். போதாதற்கு மிக்ஸி அதற்குள் காற்றையும் அடித்து ஏற்றியிருக்கிறது. ஒயின் பட்டதும் எல்லா இடத்திலும் ஒரே நேரத்தில் குமிழி கிளம்புகிறது. அரை மணி நேரம் மெதுவாக வர வேண்டிய வாயு அரை நிமிடத்தில் வெளியே போய்விடுகிறது. கூழில் இருக்கும் பெக்டினும் (பழத்துக்குக் கெட்டித்தன்மை தரும் பொருள்) சேர்ந்து நுரையை உடையவிடாமல் பிடித்துக்கொள்கிறது. வழிந்ததும், குடிக்கும்போது குமிழி இல்லாததும் இதே காரணத்தால்தான்.

அதற்காகக் கூழையே தொடக் கூடாது என்பதில்லை. வெனிஸில் ஜுசெப்பே சிப்ரியானி தன் ஹாரிஸ் பாரில் உருவாக்கிய பெல்லினி என்ற காக்டெய்லே வெள்ளைப் பீச் பழக் கூழும், ப்ரொசெக்கோ என்ற இத்தாலிய ஸ்பார்க்ளிங் ஒயினும் சேர்ந்ததுதான். உலகம் முழுக்க அதைச் செய்கிறார்கள். அளவும் பொறுமையும்தான் வேண்டும். நார் இல்லாத மாம்பழமாக எடுங்கள். அடித்த கூழை மெல்லிய வடிகட்டியில் தேய்த்து இறக்குங்கள். மூடி வைத்து ஃப்ரிட்ஜில் நான்கு மணி நேரம் விட்டால் உள்ளே மாட்டிய காற்று மேலே வந்துவிடும், கூழும் சில்லென்று ஆகும். ஒரு கிளாஸுக்கு 30 மி.லி.க்கு மேல் வேண்டாம். அதில் 5 மி.லி. எலுமிச்சை. ஒயினில் ஒரு பெரிய கரண்டி, அதாவது 15 மி.லி. மட்டும் விட்டு, கூழ் இளகி ஒன்றாகும்வரை மெதுவாகக் கலக்குங்கள். இந்த 15 மி.லி. ஒயினின் குமிழி போய்விடும், போகட்டும். அது பலி கொடுத்த பங்கு. கூழ் இளகிவிட்டதால் அடுத்து ஊற்றும் ஒயின் அவ்வளவு சீறாது. மூன்று தவணையாக ஊற்றுங்கள்.

குளிர்ச்சியை மட்டும் விட்டுவிடாதீர்கள். குளிர்ந்த திரவம் வாயுவை இறுக்கிப் பிடித்துக்கொள்ளும், வெதுவெதுப்பானது விட்டுவிடும். உங்கள் கூழ் அன்றைக்கு மிக்ஸியிலிருந்து நேராக வந்திருந்தால் அதன் சூடும் ஒரு காரணம்.

கடையில் ஷாம்பெயின், ப்ரொசெக்கோ, காவா என்று அடுக்கியிருக்கிறார்கள். பழச்சாற்றோடு கலக்க எதை எடுப்பது? ‘எக்ஸ்ட்ரா ட்ரை’ என்று போட்டிருந்ததை வாங்கினேன், நல்ல இனிப்பாக இருக்கிறதே?

இந்தப் பெயர் எத்தனையோ பேரை ஏமாற்றியிருக்கிறது. ‘எக்ஸ்ட்ரா ட்ரை’ என்றால் இனிப்பே இல்லாதது என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஆனால் லேபிள் கணக்கு வேறு. ‘ப்ரூட்’ என்றால் லிட்டருக்கு 12 கிராம் சர்க்கரைக்குள். ‘எக்ஸ்ட்ரா ட்ரை’ 12 முதல் 17 கிராம். ‘ட்ரை’ அல்லது ‘செக்’ 17 முதல் 32. ‘டெமி-செக்’ 32 முதல் 50. ப்ரூட்டுக்கும் கீழே ‘எக்ஸ்ட்ரா ப்ரூட்’ இருக்கிறது, 6 கிராமுக்குள். நாம் போடும் அன்னாசியிலும் மாம்பழத்திலும் ஏற்கெனவே இனிப்பு நிறைய. அதனால் கண்ணை மூடிக்கொண்டு ப்ரூட் எடுங்கள். வாங்கிவிட்ட எக்ஸ்ட்ரா ட்ரையைத் தூக்கிப் போட வேண்டாம். பாகைப் பாதியாகக் குறைத்து, எலுமிச்சையை இன்னும் 5 மி.லி. ஏற்றினால் சமமாகிவிடும்.

எந்த வகை என்ற கேள்விக்கு என் அபிப்பிராயம் திடமானது: ஷாம்பெயினை இதில் ஊற்றாதீர்கள். ஷாம்பெயினும் ஸ்பெயினின் காவாவும் இரண்டாவது முறை பாட்டிலுக்குள்ளேயே புளிக்கின்றன. ஈஸ்ட் அடியில் படிந்து மாதக்கணக்கில் கிடப்பதால் ரொட்டி சுட்ட மாதிரி ஒரு மணம் ஏறும். அந்த மணத்துக்காகத்தான் ஷாம்பெயினுக்கு அவ்வளவு விலை. பாஷன் ஃப்ரூட் அதன் மேல் விழுந்தால் அந்த மணம் இருந்த இடமே தெரியாது. இத்தாலியின் ப்ரொசெக்கோவைப் பெரும்பாலும் பெரிய தொட்டியில் புளிக்க வைத்து அழுத்தத்தோடு பாட்டிலில் அடைக்கிறார்கள். அதனால் பழ மணம் தூக்கலாக இருக்கும், பழச்சாற்றோடு சண்டை போடாது. மாம்பழத்துக்கு ப்ரொசெக்கோ, அன்னாசிக்கும் இஞ்சிக்கும் காவா. என் நாக்குக்கு இப்படித்தான் பொருந்துகிறது.

பாட்டிலைத் திறக்கவே பயமாக இருக்கிறது. ஒருமுறை கார்க் பறந்துபோய் விளக்கில் பட்டு உடைந்தது. அதிலிருந்து வேறு யாரையாவது திறக்கச் சொல்லிவிடுகிறேன்.

உங்கள் பயம் நியாயமானது. ஷாம்பெயின் பாட்டிலுக்குள் 5, 6 வளிமண்டல அழுத்தம் இருக்கிறது. கார் டயருக்குள் இருப்பதைப் போல இரண்டு மடங்குக்கும் மேல். விளக்கில் பட்டது போகட்டும், கண்ணில் பட்டால் பார்வையே போய்விடும். ஆனால் முறை தெரிந்தால் இதைவிடச் சாதுவான வேலை இல்லை.

பாட்டில் நன்றாகக் குளிர்ந்திருக்க வேண்டும், 6 முதல் 8 டிகிரி செல்சியஸ். காரில் குலுங்கி வந்த பாட்டிலை அன்றே திறக்காதீர்கள். அவசரம் என்றால் வாளியில் பாதி ஐஸ், பாதி தண்ணீர் போட்டு அரை மணி நேரம் கழுத்து வரை முக்கி வையுங்கள். வெறும் ஐஸைவிட ஐஸ் தண்ணீர் வேகமாகக் குளிர்விக்கும். ஃப்ரீஸரில் வைத்துவிட்டு மறந்துபோனால் ஒயின் உறைந்து கார்க்கைத் தள்ளிவிடும், பாட்டிலே வெடிக்கவும் செய்யும்.

மேலே சுற்றிய தாளைக் கிழித்ததும் ஒரு கம்பிக் கூண்டு தெரியும். அதன் காதைப் பிடித்து ஆறு அரைச் சுற்றுத் திருப்பினால் தளரும். தளர்ந்த நொடியிலிருந்து உங்கள் கட்டைவிரல் கார்க்கை விட்டு எழும்பக் கூடாது. கூண்டைக் கழற்றவும் வேண்டாம், அதோடு சேர்த்துக் கார்க்கைப் பிடியுங்கள். மேலே ஒரு துணியைப் போட்டுக்கொள்ளுங்கள். ஆள் இல்லாத சுவர்ப் பக்கம் பார்த்துப் பாட்டிலை 45 டிகிரி சாய்த்து, கார்க்கை அசையாமல் பிடித்துக்கொண்டு, அடியைப் பிடித்த கையால் பாட்டிலைத் திருப்புங்கள். கார்க்கைத் திருப்புவதல்ல, பாட்டிலைத் திருப்புவது. சற்று நேரத்தில் உள்ளங்கையில் கார்க் தானாக மேலே முட்டுவது தெரியும். அப்போது இழுக்காமல், எதிர்ப்பக்கம் அமுக்குங்கள். அது வரட்டும், நீங்கள் விடாமல் தடுத்துக்கொண்டே இருங்கள். கடைசியில் ‘டப்’ என்று வெடிக்காமல், ‘உஸ்’ என்று பெருமூச்சு விட்டது போல ஒரு சத்தம் வரும். அந்தச் சத்தம் வந்தால் ஒரு துளி ஒயினும் சிந்தாது, குமிழியும் உள்ளேயே இருக்கும். இரண்டு பாட்டில் திறந்து பாருங்கள், அதற்கப்புறம் வீட்டில் எல்லோரும் உங்களிடம்தான் நீட்டுவார்கள்.

டப்பாவில் அடைத்து வரும் ஜூஸ் ஆகாதா?

அன்னாசிச் சாறு ஆகும். சர்க்கரை சேர்க்காதது என்று லேபிளில் பார்த்து வாங்கி, அதையும் ஒருமுறை துணியில் வடிகட்டுங்கள். எலுமிச்சைச் சாறு மட்டும் ஆகவே ஆகாது. பாட்டில் எலுமிச்சைச் சாற்றின் கசந்த வாடையைக் குமிழி மூக்கு வரை தூக்கிக்கொண்டு வரும்.

பினா கொலாடா மாதிரி இருக்கட்டும் என்று தேங்காய்ப்பாலும் எலுமிச்சையும் அன்னாசியும் கலந்து ஒயின் ஊற்றினேன். திரிதிரியாகப் பிரிந்து, குமிழியும் அடங்கிவிட்டது. தேங்காய் ருசியை எப்படித்தான் கொண்டுவருவது?

உங்கள் ஆசை எனக்குப் புரிகிறது, அன்னாசிக்கும் தேங்காய்க்கும் அப்படி ஒரு ஒட்டுதல். ஆனால் தேங்காய்ப்பால் இந்தக் கிளாஸுக்குள் நுழையக் கூடாது. எலுமிச்சையின் புளிப்பும் ஒயினின் புளிப்பும் பட்டால் அதன் புரதம் திரிந்துவிடும். அதில் இருக்கும் எண்ணெய் நுரையின் மேல் படர்ந்து குமிழியை உடைத்துவிடும். பினா கொலாடாவில் குமிழி கிடையாது, ஐஸோடு சேர்த்து வேகமாக அடிப்பதால் அங்கே அது பொருந்துகிறது.

நான் மூன்று வழி முயன்று பார்த்தேன். இளநீரை ஐஸ் கட்டியாக உறைய வைத்துப் போட்டேன், மணம் மிக லேசாகத்தான் வந்தது. கிளாஸ் விளிம்பில் வறுத்த தேங்காய்த் துருவல் ஒட்டினேன். பார்க்க அழகு, ஆனால் ஒவ்வொரு மடக்குக்கும் துருவல் உள்ளே விழுந்து, விழுந்த இடத்திலெல்லாம் குமிழி சீறியது. மூன்றாவதுதான் நின்றது: 300 மி.லி. இளநீரை மிதமான தீயில் 150 மி.லி. ஆகும்வரை சுண்ட வைத்து, 150 கிராம் சர்க்கரை கரைத்துப் பாகாக்குவது. கடைசியில் ஒரு பிடி வறுத்த துருவலை அதில் போட்டு, ஆறும்வரை ஊற விட்டு, துணியில் வடிகட்டுங்கள். ஆறியதும் ஃப்ரிட்ஜில் வைத்தால் துருவலிலிருந்து இறங்கிய எண்ணெய் மேலே படலமாக உறையும். அதை வழித்து எடுத்துவிடுங்கள். இஞ்சிப் பாகுக்குப் பதில் இதை 10 மி.லி. ஊற்றிப் பாருங்கள். வறுத்த தேங்காயின் மணம் முதல் மடக்கிலேயே வரும், குமிழிக்கும் ஒன்றும் ஆகாது.

நான் மது அருந்துவதில்லை. எல்லோர் கையிலும் அழகான கிளாஸ் இருக்கும்போது எனக்கு மட்டும் வெறும் ஜூஸ் வருகிறது. அதே பானத்தை மது இல்லாமல் செய்ய முடியுமா?

முடியும். விருந்து வைப்பவர்கள் உங்களைக் கேட்காமலே இதைச் செய்திருக்க வேண்டும் என்பது என் எண்ணம். ஒயினுக்குப் பதில் சோடாவை ஊற்றி நிறுத்திக்கொள்வதுதான் எல்லோரும் செய்யும் பிழை. ஒயினில் குமிழி மட்டுமா இருக்கிறது? புளிப்பு இருக்கிறது, நாக்கை லேசாக இழுத்துப் பிடிக்கும் ஒரு துவர்ப்பு இருக்கிறது. அவை இல்லாவிட்டால் பானம் தண்ணீராகத் தோன்றும்.

துவர்ப்புக்கு கிரீன் டீ. ஒரு டீஸ்பூன் இலையை 200 மி.லி. குளிர்ந்த தண்ணீரில் போட்டு ஃப்ரிட்ஜில் ஆறு மணி நேரம் ஊற வைத்து வடிகட்டுங்கள். சூடாகப் போட்டால் வரும் கசப்பு இதில் வராது. சாற்றுக் கலவை 70 மி.லி., டீ 30 மி.லி., கூடுதல் எலுமிச்சை 5 மி.லி., அதன் மேல் நன்றாகக் குளிர்ந்த சோடா 70 மி.லி. சாய்த்து ஊற்றுவது, கடைசியில் ஒரு தூக்கு, எல்லாம் அதே மாதிரிதான். அதே கிளாஸில் கொடுக்க வேண்டும், அது முக்கியம். மது நீக்கிய ஸ்பார்க்ளிங் ஒயினும் கிடைக்கிறது. அவற்றில் சிலவற்றில் 0.5 சதவீதம் வரை ஆல்கஹால் இருக்கலாம். துளியும் வேண்டாம் என்பவர்கள் 0.0 என்று போட்டிருப்பதைப் பார்த்து வாங்குங்கள்.

இது ஜூஸ் மாதிரி இறங்கிவிடுகிறது. எத்தனை கிளாஸ் வரை சரி?

இதைக் கேட்டதற்கு நன்றி. நான் சொன்ன அளவில் 12 சதவீத ஒயின் 100 மி.லி. இருக்கிறது, அதாவது சுத்த ஆல்கஹால் 12 மி.லி., எடையில் ஏறத்தாழ 9.5 கிராம். சாதாரணமாக ஊற்றும் 150 மி.லி. ஒயினில் சுமார் 14 கிராம். ஆக மூன்று கிளாஸ் குடித்தால் இரண்டு கிளாஸ் ஒயின் குடித்த கணக்கு. இனிப்பும் குளிரும் அதை மறைத்துவிடுகின்றன. அதனால்தான் இதோடு ரம்மும் சேர்க்கலாமா என்று கடிதத்தில் கேட்டவர்களுக்கெல்லாம் வேண்டாம் என்றே பதில் எழுதினேன். இரண்டோடு நிறுத்துங்கள், நடுவில் தண்ணீர் குடியுங்கள். வண்டி ஓட்டுகிறவர்கள், மாத்திரை சாப்பிடுகிறவர்கள், கர்ப்பிணிகள் மேலே உள்ள டீ பானத்துக்கு வந்துவிடுங்கள்.

எந்தக் கிளாஸ் நல்லது? ஒல்லியான ஃப்ளூட் கிளாஸ் வாங்க வேண்டுமா?

வேண்டாம். ஃப்ளூட் கிளாஸில் பழச்சாறு அடியில் தங்கிவிடும், கரண்டியும் சரியாக இறங்காது. வீட்டில் இருக்கும் சாதாரண ஒயின் கிளாஸே போதும், பாதிக்குக் கொஞ்சம் மேலே நிரப்பினால் மணமும் நன்றாகத் தெரியும். கழுவும்போது கவனமாக இருங்கள். சோப்பு ஒட்டியிருந்தாலும், எண்ணெய்க் கை பட்டிருந்தாலும் நுரை நிற்காது. வெந்நீரில் அலசிக் கவிழ்த்து உலர விடுங்கள்.

புது வீடு புகுந்ததற்கு 20 பேர் வருகிறார்கள். பெரிய ஜாடியில் முன்கூட்டியே கலந்து வைக்கலாமா?

சாற்றை மட்டும் கலந்து வையுங்கள், ஒயினைக் கலக்க வேண்டாம். ஜாடியில் கலந்தால் முதல் ஐந்து பேருக்குக் குமிழி கிடைக்கும், மற்றவர்களுக்குக் கிடைக்காது. ஆளுக்கு ஒரு கிளாஸ் என்றால் அன்னாசிச் சாறு 800, பாஷன் ஃப்ரூட் 300, எலுமிச்சை 100, பாகு 200, மொத்தம் 1,400 மி.லி. ஒயின் மூன்று பாட்டில். இரண்டு கிளாஸ் என்றால் எல்லாம் இரட்டிப்பு. காலையிலேயே கலந்து ஃப்ரிட்ஜில் வைக்கலாம். எலுமிச்சையை மட்டும் விருந்தாளிகள் வர ஒரு மணி நேரம் இருக்கும்போது பிழிந்து சேருங்கள், முன்னரே பிழிந்தால் அதன் வாசனை மங்கிவிடும். கலவை அடியில் தங்கும், ஊற்றும் முன் ஒவ்வொரு முறையும் குடுவையை ஆட்டிக்கொள்ளுங்கள்.

ஐஸ் போடுவதாக இருந்தால் அன்னாசித் துண்டுகளை உறைய வைத்து, ஆளுக்கு இரண்டு போடுங்கள். கரைந்தால் தண்ணீர் ஆகாது. ஒயினை ஊற்றிவிட்டு, கடைசியில் மெதுவாக இறக்குங்கள். முதலில் போட்டால் அதன் சொரசொரப்பில் நுரை கிளம்பிவிடும். ஒருவர் சாற்றை ஊற்ற, ஒருவர் ஒயினை ஊற்ற என்று இரண்டு பேர் நின்றால் 20 கிளாஸும் பத்து நிமிடத்தில் முடிந்துவிடும். ஒயின் ஊற்றும் கை நிதானமானவருடையதாக இருக்கட்டும்.

மீந்த பாட்டிலின் வாயில் வெள்ளிக் கரண்டியைச் செருகி வைத்தால் குமிழி போகாது என்கிறார்களே?

செருகிப் பார்த்திருக்கிறேன். ஒரே நாளில் வாங்கிய இரண்டு பாட்டில், ஒன்றில் கரண்டி, ஒன்று வெறுமனே. மறுநாள் இரண்டிலும் ஒரே அளவுதான் குமிழி இருந்தது. அதைக் காப்பாற்றியது ஃப்ரிட்ஜின் குளிர், கரண்டி அல்ல. ஸ்பார்க்ளிங் ஒயினுக்கென்றே இருபக்கமும் கொக்கி உள்ள மூடி விற்கிறார்கள், அதைப் போட்டு நிமிர்த்தி வைத்தால் இரண்டு நாள் தாங்கும். அதற்குமேல் போனால் மிச்சத்தை அன்னாசிச் சாற்றோடு கலந்து ஐஸ் அச்சில் ஊற்றி ஃப்ரீஸரில் வையுங்கள். அடுத்த பாட்டில் திறக்கும் நாளில் அந்தக் கட்டிகளே ஐஸாக உதவும்.